உங்கள் கதையை வேறொருவர் தன் கதையாகச் சொல்லக் கேட்டிருக்கிறீர்களா?

மொட்டைமாடி

மூன்று மாதமாக மண்டையைக் குடைகிறது, இங்கே கொட்டிவிடுகிறேன். நாலு பேர் கூடினால் கட்டாயம் வெளியே வருகிற கதை ஒன்று எல்லாக் குடும்பத்திலும் இருக்குமே, எங்கள் வீட்டில் அது மரக் கதை. எனக்கு ஏழு வயது. ஏறத் தெரிந்தது, இறங்கத் தெரியவில்லை. கிளையைக் கட்டிக்கொண்டு அழுதேன். அப்பா செருப்பைக் கழற்றிவிட்டு ஏறி வந்தார். "கீழ பாக்காத, என்னை மட்டும் பாரு." அவ்வளவுதான் கதை.

அண்ணன் வீட்டில் எல்லாரும் உட்கார்ந்திருந்தோம். அவர் ஆரம்பித்தார்: "எனக்கு அப்ப ஒன்பது வயசிருக்கும், மரத்துல ஏறிட்டேன்..." முதலில் கிண்டல் என்று நினைத்தேன். இல்லை. பட்டையின் சொரசொரப்பு, உள்ளங்கையில் ஒட்டிய பிசின், எல்லாம் வந்தது. "அது நான்தானே" என்று சொல்ல வாயெடுத்தபோது அவர் மகள் பக்கம் கண் போனது. பன்னிரண்டு வயது. அவர் பேசப் பேச, சத்தமே இல்லாமல் அவள் உதடும் கூடவே அசைகிறது. கீழ பாக்காத, என்னை மட்டும் பாரு. மனப்பாடம். எத்தனை தடவை கேட்டிருப்பாள்!

வாயை மூடிக்கொண்டேன். அப்பா அம்மா இருவரும் இப்போது இல்லை, கேட்க ஆளில்லை. அண்ணன் பொய் சொல்கிற ஆளும் கிடையாது. அப்படியென்றால் மரத்தில் இருந்தது யார்? இப்படி யாருக்காவது நடந்திருக்கிறதா?

பாதித்தூக்கம்

எங்கள் வீட்டில் தினசரி நடக்கிறது. நானும் தங்கையும் இரட்டையர். பள்ளி மேடையில் வசனம் மறந்து, திரைச்சீலையை இழுத்துப் போர்த்திக்கொண்டு நின்றது நான். அவளைக் கேட்டால் அது அவள். பரிசு வாங்கியதற்குச் சண்டை போட்டால்கூடப் பரவாயில்லை, அவமானத்துக்குப் போட்டி போடுகிறோம். போன முறை பேசும்போது அவள் அழுதே விட்டாள். "அந்தத் துணியோட தூசி வாசனை இன்னும் மூக்குல இருக்கு, அதை எப்படி உன்னோடதுங்கற?" என்றாள். எனக்கும் அதே வாசனைதான் மூக்கில் இருக்கிறது.

இதை ஆராய்ந்தே இருக்கிறார்கள். 2001-இல் வந்த ஒரு ஆய்வில் இருபது ஜோடி இரட்டையரைத் தனித்தனியாகக் கேட்டார்கள். பதினான்கு ஜோடிகளில் குறைந்தது ஒரு நினைவுக்காவது இருவரும் உரிமை கொண்டாடினார்கள். அதனால் உங்கள் அண்ணனைச் சந்தேகப்படாதீர்கள். உங்களையும்.

நேர்பட

எல்லாரையும் நல்லவராக்கிவிட்டால் எப்படி? என் கதையைக் கேளுங்கள். சின்ன வயதில் எனக்குத் திக்குவாய். தினமும் விடியற்காலையில் செய்தித்தாளைச் சத்தமாக வாசித்து வாசித்துத்தான் பேசப் பழகினேன். இதை மிக நெருங்கிய நண்பன் ஒருவனிடம் மட்டும் சொல்லியிருந்தேன். சில வருடம் கழித்து, இருவரும் ஒரே நிறுவனத்தில் சேர்ந்தபோது, புதிதாக வந்தவர்கள் தங்களைப் பற்றிச் சொல்லவேண்டும் என்றார்கள். அவன் எழுந்து நின்று, தான் திக்குவாயாக இருந்ததையும் செய்தித்தாள் வாசித்ததையும் சொன்னான். அவனுக்கு வாழ்நாளில் ஒரு சொல் திக்கியதில்லை. பாதியில் என்னைப் பார்த்தான். அரை நொடி நிறுத்தினான். அப்புறம் தொடர்ந்தான். கைதட்டினார்கள், நானும் தட்டினேன். அதுதான் இன்னும் எரிகிறது.

அடுத்தது என் முறை. சொல்ல ஒன்றும் இல்லாமல் பெயரை மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்தேன். சொன்னாலும் நான்தானே காப்பியடித்தவன் ஆகியிருப்பேன்?

இரட்டையர் ஆய்வு எல்லாம் சரி. ஆனால் அந்த அரை நொடிக்கு எந்த ஆய்வும் பதில் சொல்லாது. அவனுக்குத் தெரியும்.

பாதித்தூக்கம்

@நேர்பட உங்கள் நண்பருக்கு நான் வக்கீல் இல்லை. ஒரே ஒரு கேள்வி. அந்த அரை நொடியை இதுவரை எத்தனை பேரிடம் சொல்லியிருப்பீர்கள்? முதன்முதலில் சொன்னபோதும் அது அரை நொடியாகத்தான் இருந்ததா?

நேர்பட

கடிகாரம் வைத்துப் பார்க்கவில்லை, மன்னிக்கவும். அடி வாங்கியவனிடம் அடியின் நீளம் என்ன என்று கேட்கிறீர்கள்.

தூரத்துப்பார்வை

சண்டையை நிறுத்திவிட்டு என் விசித்திரத்தைக் கேளுங்கள். மூன்று வயதில் கூட்டத்தில் தொலைந்து போனேனாம். அம்மா சொல்லிச் சொல்லிக் கேட்டது என்று யாராவது சொன்னால் கோபம் வரும், ஏனென்றால் எனக்கே நன்றாக நினைவிருக்கிறது. மஞ்சள் சட்டை, இரண்டு சடை, ஒரு சடையில் ரிப்பன் அவிழ்ந்து தொங்குகிறது. இருபது வருடம் இப்படியே சொல்லிக்கொண்டிருந்தேன். ஒருநாள் என் பையன் கேட்டான்: "சடை முதுகுப் பக்கம்தானே இருக்கும்? உனக்கு எப்படித் தெரிஞ்சுது?"

பதில் சொல்லத் தெரியாமல் நின்றுவிட்டேன். அந்தக் காட்சியில் நான் என் முதுகைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். என்னைத் தேடி ஓடிவந்த அம்மா எங்கிருந்து பார்த்தாரோ அங்கிருந்து. என் நினைவில் இருப்பது அம்மாவின் கண்.

உளவியல் படித்த தோழி சொன்னாள், இப்படித் தன்னையே வெளியிலிருந்து பார்க்கிற நினைவு ரொம்பச் சாதாரணம், 1983-இலேயே இதைத் தனியாக ஆராய்ந்து எழுதியிருக்கிறார்கள் என்று. கூடவே பியாஜே கதையையும் சொன்னாள். குழந்தைகளின் மனவளர்ச்சியை ஆராய்ந்து உலகப் புகழ் பெற்ற அதே பியாஜேதான். தள்ளுவண்டியில் இருந்த தன்னைக் கடத்த வந்தவனோடு ஆயா போராடியது, அவள் முகத்தில் விழுந்த கீறல்கள், எல்லாம் அவருக்குக் கண்ணுக்குள் நின்றதாம். அவருக்குப் பதினைந்து வயது இருக்கும்போது ஆயாவிடமிருந்து கடிதம் வந்தது. நடந்ததாகச் சொன்னது முழுப் பொய், அதற்குப் பரிசாகக் கொடுத்த கடிகாரத்தைத் திருப்பித் தந்துவிடுகிறேன் என்று. கடத்தலே நடக்கவில்லை, காட்சி மட்டும் அவரிடம் மிச்சம்.

எனக்குக் கடிதம் எழுத ஆயா இல்லை. தொலைந்து போனது நிஜம்தான். ஆனால் அதில் என்னுடையது எதுவும் இல்லை என்று தெரிந்த பிறகு, ஏதோ திருட்டுப் பொருளை வைத்திருப்பதுபோல இருக்கிறது.

@மொட்டைமாடி ஒன்று கேட்கட்டுமா? அப்பா ஏறி வருவதை நீங்கள் மேலிருந்து பார்க்கிறீர்களா, கீழிருந்தா?

மொட்டைமாடி

மேலிருந்து. உச்சந்தலையில் முடி கொட்டி வட்டமாகத் தெரியும், அது ஆடி ஆடி மேலே வரும். அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நேர்பட

முடிந்தது. நீங்கள்தான் மரத்தில் இருந்தவர். அண்ணனிடம் சொல்லுங்கள்.

தூரத்துப்பார்வை

அப்படி முடியாது. கேட்ட கதைக்கும் மனம் மேலிருந்து ஒரு காட்சி போட்டுக்கொள்ளும். நான் சந்தேகத்தைத்தான் கிளப்பினேன், தீர்ப்புச் சொல்லவில்லை.

பொறுமைசாலி

என் அனுபவம் சின்னது. தாத்தா சாகும் முன் தன் இளமைக் கதைகளைச் சொன்னார். நான் ஆர்வக்கோளாறில் "அப்ப ரொம்பப் பயந்துட்டீங்களா?", "இருட்டா இருந்துச்சா?" என்று கேட்டுக்கொண்டே இருந்தேன். அடுத்த வாரம் அதே கதையில் பயமும் இருட்டும் வந்துவிட்டன. முதலில் அது பட்டப்பகலில் நடந்த கதை. அவ்வளவுதான்.

அதிலிருந்து நான் கற்றதைச் சொல்கிறேன், கேட்காமலே சொல்கிறேன் என்று கோபிக்கவேண்டாம். கேள்வியே நினைவை மாற்றும். எலிசபெத் லாஃப்டஸ் என்ற உளவியலாளர் 1974-இல் செய்த சோதனை இதற்குப் பேர்போனது. கார் விபத்துப் படம் ஒன்றை 150 மாணவர்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். ஐம்பது பேரிடம் கார்கள் "மோதி நொறுங்கியபோது" என்ன வேகம் என்று கேட்டார்கள், ஐம்பது பேரிடம் "இடித்தபோது" என்று. மீதிப் பேரிடம் வேகத்தைப் பற்றிக் கேட்கவே இல்லை. ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று எல்லாரிடமும் கேட்டார்கள். நொறுங்கியது என்று கேள்விப்பட்டவர்களில் 16 பேர் பார்த்தோம் என்றார்கள், இடித்தது என்று கேள்விப்பட்டவர்களில் 7 பேர், மூன்றாவது கூட்டத்தில் 6 பேர். படத்தில் கண்ணாடி உடையவே இல்லை. ஒரு வினைச்சொல் செய்த வேலை இது.

எனவே மொட்டைமாடி, அண்ணனிடம் போய் "மரத்தில் இருந்தது நான்தானே?" என்று தயவுசெய்து கேட்காதீர்கள். அவர் ஒத்துக்கொண்டாலும் அது சாட்சி ஆகாது, மறுத்தாலும் ஆகாது. "அந்தக் கதையை இன்னொரு தடவை சொல்லேன்" என்று மட்டும் கேளுங்கள். நடுவில் குறுக்கிடக் கூடாது, முகம் மாறக் கூடாது, ஆகவே தொலைபேசியில் கேட்பது உத்தமம். கேட்குமுன் உங்கள் கதையைத் தேதி போட்டுக் காகிதத்தில் எழுதி வைத்துவிடுங்கள், இல்லையென்றால் அவர் சொல்வது உங்களுடையதில் கலந்துவிடும்.

எழுதி வைத்தால் எல்லாம் சரியாகும் என்றும் நினைக்கவேண்டாம். சேலஞ்சர் விண்கலம் 1986 ஜனவரி 28-ஆம் தேதி வெடித்தது. மறுநாள் காலையே நைசர் என்ற உளவியலாளர் தன் மாணவர்களிடம், செய்தியை எங்கே எப்படிக் கேட்டீர்கள் என்று எழுதி வாங்கினார். இரண்டரை வருடம் கழித்து அவர்களில் 44 பேரை மறுபடி கேட்டார்கள். 11 பேர் சொன்னதில் ஒன்றுகூட ஒத்துப்போகவில்லை. அவர்களுடைய கையெழுத்தையே எடுத்துக் காட்டியும் பழைய நினைவு யாருக்கும் திரும்பவில்லை. ஆக, காகிதம் ஒன்று சொல்லும், மனசு ஒன்று சொல்லும். எதை நம்புவது என்பதை முன்பே முடிவு செய்துகொள்ளுங்கள். இன்னொன்று...

நேர்பட

தாத்தா கதை நாலு வரி, பாடம் நாற்பது வரி.

வெள்ளிமுடி

எனக்கு இவ்வளவு விவரம் தெரியாது. ஒன்றை மட்டும் சொல்லிவிட்டுப் போகிறேன்.

நானும் என் கணவரும் முதன்முதலில் பேசிக்கொண்டது மழையில். குடையை எனக்குக் கொடுத்துவிட்டு அவர் நனைந்துகொண்டே நடந்து போனார் என்பது அவர் சொல்கிற கதை. யார் வந்தாலும் சொல்வார். எழுந்து நின்று, தோளைக் குறுக்கிக்கொண்டு, சட்டைப்பையை ஒரு கையால் பொத்தியபடி நடந்தே காட்டுவார். எல்லாரும் சிரிப்பார்கள், நானும் சிரிப்பேன். குடை என்னுடையது. கொடுத்தது நான், நனைந்தது நான். முப்பது வருடம் ஒன்றும் சொல்லவில்லை.

ஒருநாள் எனக்கு என்ன வந்ததோ, விருந்தாளிகள் முன்னால், அவர் நடந்து காட்டிக்கொண்டிருக்கும்போதே, "குடை என்னுது, நனைஞ்சது நான்" என்றேன். இன்னும் பெரிதாகச் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். ஆனால் நடந்தவர் நடந்த இடத்திலேயே நின்றார், கை சட்டைப்பை மேலேயே இருந்தது. அப்புறம் மெதுவாக வந்து உட்கார்ந்தார். "அப்படியா?" என்றார். என்னைக் கேட்கவில்லை, சும்மா சொன்னார்.

அதற்குப் பிறகு அந்தக் கதையை அவர் சொல்வதில்லை. யாராவது கேட்டால், "அவளைக் கேளுங்க, அவளுக்குத்தான் தெரியும்" என்பார். கோபமெல்லாம் கிடையாது. நான் சொல்லிப் பார்த்தேன், யாரும் சிரிப்பதில்லை. எனக்கு அவரைப்போல நடந்து காட்டத் தெரியாது.

பாதித்தூக்கம்

அம்மா, படித்துவிட்டுத் தங்கைக்குப் போன் செய்தேன். திரைச்சீலையை அவளே வைத்துக்கொள்ளட்டும் என்று சொல்லத்தான். அவள் எடுக்கவில்லை.

நேர்பட

வெள்ளிமுடி அம்மா சொன்னது வேறு. வீட்டுக்குள் விட்டுக்கொடுக்கலாம். என் விஷயத்தில் நான் இன்னும் மாறவில்லை.

மொட்டைமாடி

நேற்று இரவு அண்ணனிடம் பேசினேன். பொறுமைசாலி சொன்னபடியே, முதலில் என் கதையை எழுதித் தேதி போட்டு வைத்தேன். அப்புறம், "அன்னைக்குச் சரியாக் கேக்கல அண்ணா, அந்த மரக் கதையை இன்னொரு தடவை சொல்லுங்களேன்" என்று மட்டும் கேட்டேன். அவருக்கு ஒரே சந்தோஷம். மகளைக் கூப்பிட்டு ஸ்பீக்கரில் போட்டுவிட்டுச் சொன்னார். கிளை, பிசின், அழுகை எல்லாம் வந்தது. நான் மூச்சுக்கூடச் சத்தமாக விடவில்லை.

அப்பா மரத்தடிக்கு வந்த இடத்தில் அண்ணனின் குரல் கொஞ்சம் தணிந்தது. "புதுச் செருப்புடா அது. அழுக்காயிடும்னு கீழகூட வைக்கல. கழட்டி என் கையில குடுத்தார், பத்திரமா வச்சுக்கோன்னு. அவர் இறங்குற வரைக்கும் நெஞ்சோட அணைச்சுப் பிடிச்சுட்டே நின்னேன்" என்றார். அதே மூச்சில், "அப்புறம் மேல வந்து, கீழ பாக்காத, என்னை மட்டும் பாருன்னார்" என்று தொடர்ந்தார்.

பின்னால் அந்தப் பெண்ணின் குரலும் கூடச் சேர்ந்துகொண்டது, இந்த முறை சத்தமாகவே.

செருப்பைப் பற்றி நான் எதுவும் கேட்கவில்லை. புதுச் செருப்பு என்பது எனக்கு இதுவரை தெரியாது. மேலிருந்து பார்த்தவனுக்குத் தெரிய வாய்ப்பும் இல்லை. எழுதி வைத்த காகிதத்தில் அதை மட்டும் ஓரமாகக் குறித்துக்கொண்டு, பாப்பாவுக்குப் பரீட்சை எப்போது என்று கேட்டேன்.