டியோசின்டே: மணிக்காக வளர்த்தார்களா, தண்டுச் சாற்றுக்காகவா?

நெடுவயல்:
மக்காச்சோளத்தின் காட்டு மூதாதையான டியோசின்டேயின் கதிரைப் பார்த்தவர்கள் இந்தக் கேள்வியைக் கேட்காமல் இருக்க முடியாது. விரல் நீளக் கதிரில் இரண்டே வரிசை. மொத்தம் 5 முதல் 12 மணிகள். ஒவ்வொன்றும் கல் போன்ற ஓட்டுக்குள் அடைபட்டிருக்கும். முற்றியதும் தானே உதிர்ந்து மண்ணில் சிதறிவிடும். தென்மேற்கு மெக்சிகோவின் பால்சாஸ் ஆற்றுப் பள்ளத்தாக்கில் ஏறத்தாழ 9,000 ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவர்கள் இதற்காகவா அந்தப் புல்லைத் தேடிப் போயிருப்பார்கள்? தாவரவியலாளர் ஹியூ இல்டிஸ் சொன்னதே எனக்குச் சரியாகப் படுகிறது: அவர்களை முதலில் இழுத்தது தண்டின் இனிப்புச் சாறு. 2003இல் ஸ்மாலி, பிளேக் இருவரும் ஒரு படி மேலே போய், அந்தச் சாற்றைப் புளிக்கவைத்து மது ஆக்கியிருக்கலாம் என்றார்கள். மெக்சிகோவின் தெவாகான் பள்ளத்தாக்குக் குகைகளில் மென்று துப்பிய சக்கைகள் கிடைத்திருக்கின்றன. நம் ஊரில் சோளத்தட்டையைக் கடித்து உறிஞ்சிய எவருக்கும் இதில் வியப்பே இராது.

தொல்தடம்:
சக்கைகள் கிடைத்தது உண்மை. ஆனால் தெவாகான் கதிர்களில் மிகப் பழையவற்றின் வயதே சுமார் 5,500 ஆண்டுகள்தான். அதற்குள் அது முழு மக்காச்சோளமாகிவிட்டது. தொடக்கத்தைப் பற்றிப் பேச வேண்டுமானால் கெரேரோ மாநிலத்தின் ஷிவாடோஷ்ட்லா பாறைக் குடைவுக்குத்தான் போக வேண்டும். தொல்தாவரவியலாளர் டொலோரஸ் பிபர்னோவின் குழு 2009இல் வெளியிட்ட முடிவுகளின்படி, அங்கே கிடைத்த அரைகற்களின் இடுக்குகளில் 8,700 ஆண்டுப் பழமையுள்ள மக்காச்சோள மாவுச்சத்துத் துகள்கள் ஒட்டியிருந்தன. செடியின் திசுக்களில் படியும் நுண்ணிய சிலிக்காத் துகள்களும் இருந்தன. அவை கதிர்ப் பகுதியிலிருந்து வந்தவை. தண்டிலிருந்து வந்ததற்கு அடையாளம் இல்லை. சாறு பிழிந்தவர்களின் இடம் என்றால் அங்கே தண்டின் தடயம் குவிந்திருக்க வேண்டும் அல்லவா?

செங்காந்தள்:
ஓட்டைப் பார்த்து மலைக்க வேண்டியதில்லை. 1939இலேயே மரபியலாளர் ஜார்ஜ் பீடில் டியோசின்டே மணிகளைச் சூடாக்கிக் காட்டினார். ஓட்டை உடைத்துக்கொண்டு பொரி வெளியே வந்தது. அரைத்துத் தின்னவும் முடியும் என்று பிற்காலத்தில் தாமே தின்று காட்டினார். நோபல் பரிசு பெற்று, ஒரு பல்கலைக்கழகத்தின் தலைவராக இருந்து ஓய்வுபெற்ற பிறகு மறுபடி வயலில் இறங்கி, மக்காச்சோளத்தையும் டியோசின்டேயையும் கலந்து, இரண்டாம் தலைமுறையில் ஏறத்தாழ 50,000 செடிகளை வளர்த்தார். சுமார் 500 செடிகளுக்கு ஒன்று அப்படியே மக்காச்சோளத்தின் சாயலிலும், ஒன்று அப்படியே டியோசின்டேயின் சாயலிலும் இருந்தது. அப்படியானால் இரண்டுக்கும் நடுவே நிற்கும் பெரிய வேறுபாடுகள் நான்கைந்து மரபணுக்களுக்குள் அடங்கும் என்று கணக்கிட்டார். மக்காச்சோளத்தின் மூதாதை என்றோ அழிந்துபோன வேறொரு காட்டு மக்காச்சோளம் என்று தாவரவியலாளர் மாங்கல்ஸ்டார்ஃப் பல ஆண்டுகள் வாதாடியதை எதிர்த்து அவர் விடாமல் நின்றதை நினைத்தால் எனக்கு இன்றும் சிலிர்க்கிறது.

நெடுவயல்:
பொரிக்க முடியும் என்பதும் அதற்காகவே வளர்த்தார்கள் என்பதும் ஒன்றாகாது. பெலீஸ் நாட்டுப் பாறைக் குடைவுகளில் கிடைத்த மனித எலும்புகளைப் பாருங்கள். மக்காச்சோளம் அங்கே உணவில் கணிசமாகத் தெரிவது சுமார் 4,700 ஆண்டுகளுக்கு முன்புதான். முதன்மை உணவாவது இன்னும் 700 ஆண்டுகள் கழித்து. மணிக்காகவே வளர்த்த பயிர் தட்டுக்கு வர 4,000 ஆண்டுகளா எடுத்துக்கொள்ளும்?

தொல்தடம்:
எடுத்துக்கொள்ளும். கதிர் அவ்வளவு சிறியது. மெக்சிகோவின் ஓவஹாகா மாநிலத்துக் கீலா நாகிட்ஸ் குகையில் கிடைத்த, 6,250 ஆண்டுப் பழமையான மக்காச்சோளத் தக்கைகள் (மணி ஒட்டி நிற்கும் கதிரின் நடுப்பகுதி) சில செ.மீ. நீளமே உள்ளவை. ஆனாலும் அவற்றில் மணி உதிராமல் தக்கையோடு ஒட்டி நிற்கிறது. காட்டில் அப்படி ஒரு செடி பிழைக்காது. யாரோ பறித்து விதைத்தால்தான் உண்டு. உங்கள் வாதத்தில் எனக்கு முக்கியமாக இடிப்பது இதுதான்: சாற்றுக்காக வெட்டுபவர் மணி முற்றும்வரை காத்திருக்கத் தேவையில்லை. அவருக்குத் தண்டு தடிமனாக வேண்டும், இனிப்பு கூட வேண்டும். ஓட்டைத் திறக்கும் மாற்றம் அவருக்கு எதற்கு? டிஜிஏ1 மரபணு ஆக்கும் புரதத்தில் ஒரே ஒரு அமினோ அமிலம் மாறியதால் மணி ஓட்டிலிருந்து வெளியே வந்தது. அந்த மாற்றத்தைத் தேடிப் பொறுக்கியது மணியைத் தின்ற கைகள்.

நெடுவயல்:
அது பிறகு நடந்த தேர்வு. முதல் விதையை வீட்டருகே ஊன்ற வைத்தது எது என்பதே என் கேள்வி. பல தூர்களோடு புதராக நிற்கும் ஒரு புல்லில் மணி பொறுக்கும் பாடு உங்களுக்குப் பெரிதாகத் தெரியவில்லையா?

செங்காந்தள்:
அன்று அது புதராகவே நின்றது என்று எப்படி உறுதியாகச் சொல்கிறீர்கள்? பனியுகத்தின் முடிவிலும் அதையடுத்தும் நிலவிய குறைந்த வெப்பத்தையும் குறைந்த கரியமில வாயுவையும் கண்ணாடி அறைக்குள் உண்டாக்கி பிபர்னோ டியோசின்டே வளர்த்தார். பல செடிகள் ஒற்றைத் தண்டாக, கதிர் நடுத்தண்டிலேயே பிடித்து, மணிகள் ஏறக்குறைய ஒரே காலத்தில் முற்றி நின்றன. அறுப்பதற்கு அதைவிட வசதி வேறென்ன? கிளைப்பதை அடக்கும் டிபி1 மரபணுவை முடுக்கிவிடும் மாற்றமும் மனிதர் கைபடுவதற்கு முன்பே டியோசின்டேயில் இருந்தது. இன்று சாலையோரம் நிற்கும் புதரை வைத்து அன்றைய மக்களின் பாட்டை அளக்காதீர்கள்.

நெடுவயல்:
அறைக்குள் வளர்ந்த செடி மணிக்கு வசதி செய்தது. ஒற்றைத் தண்டு சாற்றுக்கும் அதே வசதியைத்தான் செய்யும். பால்சாஸ் பள்ளத்தாக்கில் இன்னும் தோண்டாத குடைவுகளில் அந்தக் காலத்துச் சக்கை ஒன்று கிடைக்கும்வரை நான் இந்தக் கட்சியை விடுவதாக இல்லை.

தொல்தடம்:
கிடைத்தால் முதலில் நானே வந்து இங்கே பதிவிடுவேன். அதுவரை என் சான்று அந்த அரைகல்லில் இருக்கிறது.