நரகத்தில் எழுதிக் கொடுத்த குத்தகை ரசீது

பேய் அனுபவங்களைப் பற்றி இங்கே பலரும் நேரில் கண்டதை எழுதியிருக்கிறீர்கள்; ஸ்காட்லாந்துப் பேய்க் கதைகளை எங்கே தொடங்குவது என்றும் ஒருவர் கேட்டிருந்தார். என்னிடம் அப்படி எதுவும் இல்லை. வேலை நிமித்தம் எடின்பரோவில் குடியிருந்த காலத்தில் எந்தப் பேயும் என் கதவைத் தட்டவில்லை. நான் சந்தித்ததெல்லாம் ஸ்காட்லாந்துக்காரர்கள் எழுதிவைத்த பேய்க் கதைகளைத்தான். அதுவும் சந்திப்புதான் என்று ஒப்புக்கொள்கிறவர்கள் மேலே படிக்கலாம்.

முதலில் என்னைப் பிடித்துக்கொண்டவர் வால்டர் ஸ்காட். 1824இல் வந்த 'ரெட்காண்ட்லெட்' நாவலின் நடுவில் பார்வையற்ற பிடில்காரர் ஒருவர் தன் தாத்தா ஸ்டீனிக்கு நேர்ந்ததைச் சொல்கிறார். ஸ்டீனி ஒரு குத்தகைதாரர், பைப் (தோல்பை பொருத்திய ஊதுகுழல்) வாசிப்பவர். பண்ணையார் சர் ராபர்ட் மகா கொடுமைக்காரர். குத்தகை பாக்கி ஏறிவிடுகிறது. அங்கே இங்கே கடன் வாங்கி, வெள்ளிக் காசுகளை மூட்டையாகக் கட்டிக்கொண்டு போய்ப் பண்ணையாரின் முன் வைக்கிறார் ஸ்டீனி. எதிரே பண்ணையாரும், அவர் வளர்க்கும் குரங்கும். "கீழே போய் ஏதாவது குடித்துக்கொண்டிரு, எண்ணிப் பார்த்து ரசீது எழுதி வைக்கிறேன்" என்கிறார் பண்ணையார். ஸ்டீனி படியிறங்குவதற்குள் மேலே அலறல். கால் எரிகிறது, தண்ணீர் கொண்டுவா என்று கத்துகிறார். தொட்டியில் காலை வைத்ததும் தண்ணீர் கொப்பளித்துக் கொதிக்கிறது. ஆள் போய்ச் சேர்கிறார். ரசீது கைக்கு வரவில்லை. பண மூட்டையையும் காணவில்லை.

கதை என்னை மடக்கியது இதற்குப் பிறகுதான். பட்டத்துக்கு வரும் மகன் எடின்பரோவில் வக்கீல். குரல் உயர்த்தாமல், மிக மரியாதையாகக் கேட்கிறான்: பணம் கொடுத்ததாகச் சொல்கிறாயே, கணக்கில் இல்லையே, ரசீது எங்கே, பார்த்தவர் யார்? பார்த்த வேலைக்காரனும் அதற்குள் செத்துப்போயிருக்கிறான். வாடகை வீட்டைக் காலிசெய்துவிட்டு முன்பணத்தைத் திரும்பக் கேட்டு அலைந்தவர்கள் யாராவது இருந்தால், இந்த இரண்டு பக்கத்தைப் படித்துப் பாருங்கள். வயிறு கலங்கும்.

இரவில் காட்டு வழியே வீடு திரும்பும்போது குதிரையில் வரும் அந்நியன் ஒருவன், "உன் பழைய பண்ணையாரிடமே அழைத்துப் போகிறேன்" என்கிறான். அதே மாளிகை, அதே கூடம், அதே விருந்து. ஆனால் மேசையைச் சுற்றி உட்கார்ந்திருக்கிறவர்கள் எல்லாரும் செத்துப்போன கொடுங்கோலர்கள். வரலாற்றில் நிஜமாகவே இருந்தவர்கள். சாப்பிடச் சொல்கிறார்கள்; ஸ்டீனி தொடவில்லை. பைப்பை வாசிக்கச் சொல்கிறார்கள். அதன் குழல் பழுக்கக் காய்ச்சிய இரும்பு என்பதைக் கவனித்து மறுத்துவிடுகிறார். "நான் வந்தது என் ரசீதுக்கு" என்று அதிலேயே நிற்கிறார். நரகத்தின் நடுவில் நின்றுகொண்டு ஒரு குடியானவன் தனக்குச் சேரவேண்டிய காகிதத்தை மட்டும் கேட்கிறான்! விடிந்து எழுந்தால் கல்லறைத் தோட்டத்தில் கிடக்கிறார், கையில் ரசீது. பண்ணையார் சொல்லியனுப்பிய அடையாளத்தை வைத்து மாளிகைக் கோபுரத்தில் தேடினால் பணம் அகப்படுகிறது, திருடியது குரங்கு. மகன் அந்த ரசீதைத் தீயில் போடுகிறான். அது எரியாமல், தீப்பொறி வாலோடு புகைபோக்கி வழியாகப் பறந்துவிடுகிறது.

ஸ்காட் தொழிலால் வக்கீல். எடின்பரோ உயர்நீதிமன்றத்தில் எழுத்தர் பதவியிலும் இருந்தவர். ஏழைக் குத்தகைதாரனுக்குச் செத்த பண்ணையாரைவிட உயிரோடிருக்கும் வக்கீல் மகன்தான் பயங்கரம் என்பது அவருக்குத் தெரிந்திருக்கிறது. அந்தக் குரங்கின் பெயரையும் சொல்லியாக வேண்டும்: மேஜர் வெயர். எடின்பரோவில் பக்திமான் என்று பெயரெடுத்து, முதுமையில் தன் பாவங்களைத் தானே வாய்விட்டுச் சொல்லி, 1670இல் மரண தண்டனை பெற்ற ஒரு மனிதரின் பெயர் அது.

அடுத்து ராபர்ட் லூயிஸ் ஸ்டீவன்சனின் 'த்ரான் ஜேனட்' ('திருகிய ஜேனட்') சிறுகதை. 1881 கோடையில் பிட்லாக்ரி அருகே ஒரு குடிலில் தங்கியிருந்தபோது எழுதியது. எழுதி முடித்து மனைவிக்கு வாசித்துக் காட்டியபோது எழுதியவருக்கே நடுக்கம் எடுத்துவிட்டதாம். இருவரும் கைகோத்துக்கொண்டு மாடிப்படி இறங்கினார்களாம். மனைவி எழுதிவைத்தது இது. முன்னுரை தவிர மற்றதெல்லாம் ஸ்காட்ஸ் பேச்சுமொழி. எனக்குக் கண்ணால் படித்தபோது பாதிதான் பிடிபட்டது. என் வீட்டுக்காரம்மா, ஓய்வுபெற்ற ஆசிரியை, ஒரு மாலை அதை உரக்க வாசித்தார். அதன்பிறகுதான் விளங்கியது.

மர்டாக் சூலிஸ் படித்த இளம் பாதிரியார். ஜேனட் என்ற வயதான பெண்ணைச் சமையலுக்கு வைத்துக்கொள்கிறார். அவள் சூனியக்காரி என்பது ஊரின் கட்சி. பெண்கள் கூடி அவளை ஆற்றுக்கு இழுத்துக்கொண்டு போகிறார்கள். பாதிரியார் தடுத்து மீட்கிறார். மறுநாள் அவள் கழுத்து ஒரு பக்கமாகத் திருகி, தூக்கில் தொங்கியவள்போல நடக்கிறாள். வாதம் தாக்கிவிட்டது, நீங்கள் செய்த கொடுமையால் வந்தது என்று பாதிரியார் ஊரைக் கண்டிக்கிறார். 1712 ஆகஸ்ட் 17ஆம் தேதி இரவு, புழுக்கம் தாங்காத இரவு, அவள் அறைக் கதவைத் திறக்கிறார். பழைய மர அலமாரிக்குப் பக்கத்தில், ஒற்றை ஆணியில், காலுறை தைக்கும் ஒற்றைக் கம்பளி நூலில் ஜேனட் தொங்கிக்கொண்டிருக்கிறாள்.

இந்த இடத்தில் வீட்டுக்காரம்மா வாசிப்பதை நிறுத்தினார். பின்னல் கூடையிலிருந்து ஒரு நூலை எடுத்து, இரண்டு விரலில் சுற்றி, லேசாக இழுத்தார். அறுந்தது. ஒன்றும் சொல்லாமல் அறுந்த துண்டுகளைக் கூடையில் போட்டுவிட்டு, விட்ட வரியிலிருந்து தொடர்ந்தார். பெரிய கறுப்பு மனிதன் வருவதும், பூட்டிய அறையிலிருந்து காலடிச் சத்தம் கேட்பதும் எனக்கு அவ்வளவாக உறைக்கவில்லை. ஓர் உடலைத் தாங்க முடியாத நூல் தாங்குகிறது என்பது உறைத்தது.

ஆனால் இந்தக் கதையோடு எனக்கு ஒரு சண்டை உண்டு. ஸ்காட்லாந்தில் சூனியத்துக்கு எதிரான சட்டம் 1563இல் வந்து 1736இல்தான் நீங்கியது. இடைப்பட்ட காலத்தில் குற்றம் சாட்டப்பட்டவர்களாக எடின்பரோ பல்கலைக்கழக ஆய்வாளர்கள் திரட்டிய கணக்கு சுமார் 3,800 பேர், பெரும்பாலோர் பெண்கள். இந்தக் கணக்கைத் தெரிந்துகொண்டு படித்தால் ஸ்டீவன்சன் ஒரு கொடிய காரியம் செய்திருப்பது தெரியும். கதையில் இரக்கம் காட்டியவர் தோற்கிறார். கிழவியை ஆற்றுக்கு இழுத்தவர்கள் சொன்னது சரியாகிவிடுகிறது. கதையைச் சொல்கிறவன் அந்த ஊர்க்காரன், அவன் அப்படித்தான் சொல்வான் என்று ஒரு சமாதானம் உண்டு. வீட்டுக்காரம்மா அந்தக் கட்சி. எனக்கு முழு நிம்மதி இல்லை.

ஜேம்ஸ் ஹாக் வேறு வகை. எட்ரிக் பள்ளத்தாக்கின் ஆட்டிடையர். சிறுவயதிலேயே மாடு மேய்க்கப் போனவர். அவருடைய தாய்வழித் தாத்தா அந்தப் பகுதியில் 'ஃபேரி' எனப்படும் தேவதைகளோடு பேசிய கடைசி மனிதர் என்று பெயர் பெற்றவர். ஸ்காட் நாட்டுப்பாடல்களைச் சேகரித்து அச்சிட்டபோது, பாட வேண்டியதை அச்சுக்குக் கொடுத்துக் கெடுத்துவிட்டாய் என்று ஹாக்கின் தாயார் முகத்துக்கு நேரே சொல்லியிருக்கிறார். அந்த அம்மாளைப் பற்றி யாராவது தனியாக எழுத வேண்டும்.

ஹாக்கின் 'ஜஸ்டிஃபைட் சின்னர்' ('நீதிமானாக்கப்பட்ட பாவி') நாவலும் 1824தான். ஆசிரியர் பெயர் இல்லாமல் வெளிவந்தது. தான் கடவுளால் முன்பே தேர்ந்தெடுக்கப்பட்டவன், இனி எந்தப் பாவமும் தன்னைத் தீண்டாது என்று நம்பும் ராபர்ட்; அவனோடு ஒட்டிக்கொண்டு, நினைத்த முகத்தை எடுத்துக்கொள்ளும் நண்பன் கில்-மார்ட்டின். அவன் சாத்தானா, ராபர்ட்டின் மனக்கோளாறா? ஹாக் கடைசிவரை வாய் திறப்பதில்லை. அதில் ஒரு காட்சி எடின்பரோவின் ஆர்தர்ஸ் சீட் குன்றின் மேல். அதிகாலை மூடுபனியில் அண்ணன் ஜார்ஜ் உட்கார்ந்திருக்கும்போது, மேகத்தில் தம்பியின் முகம் பூதாகாரமாக எழுகிறது. பதறித் திரும்பி ஓடினால், பின்னால் மறைந்திருந்த நிஜத் தம்பியின் மேலேயே மோதுகிறான்.

நானும் ஒரு காலையில் அங்கே ஏறினேன். 251 மீட்டர்தான், பெரிய மலை ஒன்றுமில்லை. பாதி வழியில் கடலிலிருந்து பனி ஏறி வந்து நகரத்தை மூடிவிட்டது. முன்னால் கல் உருளும் சத்தம். நின்றேன். வெண்மைக்குள்ளிருந்து நனைந்த ரோமத்தோடு ஒரு நாய் வந்து என் முழங்காலை முகர்ந்துவிட்டுப் போனது. வெகுநேரம் கழித்து, ஆள் தெரியாமலே, "காலை வணக்கம்" என்று ஒரு குரல் என்னைக் கடந்து இறங்கியது. அவ்வளவுதான். ஆனால் ஹாக் அந்தக் காட்சியை மேசையில் உட்கார்ந்து கற்பனை செய்யவில்லை, பனியில் ஆடு தேடியவர் எழுதியது என்பது உடம்புக்குப் புரிந்தது.

நாவலின் முடிவில் எடின்பரோ கனவான்கள் பாவி ராபர்ட்டின் கல்லறையைத் தோண்டக் கிளம்புகிறார்கள். வழிகாட்ட வேண்டி, சந்தையில் ஆடு விற்றுக்கொண்டிருக்கும் ஓர் இடையரைக் கேட்கிறார்கள். அந்த இடையர் வேறு யாருமில்லை, ஜேம்ஸ் ஹாக்கேதான். எனக்கு இன்று தலைக்குமேல் வேலை, நூறு வருஷத்து எலும்பைத் தோண்டவா வருவேன் என்று மறுத்துவிடுகிறார். தன் நாவலுக்குள் தானே வந்து, தன் கதைக்கு உதவ மறுக்கும் ஆசிரியர்! ஹாக் எழுதியதில் எனக்கு மிகப் பிடித்த இடம் இதுதான்.

கதையல்லாத ஒன்றையும் சேர்த்துக்கொள்கிறேன். அபர்ஃபாயில் ஊரின் பாதிரியார் ராபர்ட் கிர்க், தேவதைகளின் நடையுடை பாவனைகளைப் பற்றி 1690களின் தொடக்கத்தில் கையெழுத்துப் பிரதி ஒன்றை எழுதிவைத்துவிட்டு, 1692இல் அருகிலுள்ள டூன் ஹில் குன்றில் விழுந்து இறந்தார். இறக்கவில்லை, தேவதைகள் பிடித்துக்கொண்டு போய்விட்டன என்கிறது ஊர். ஓர் உறவினருக்குத் தோன்றி, என் குழந்தையின் ஞானஸ்நானத்துக்கு வருவேன், என் தலைக்கு மேலாகக் கத்தியை எறிந்தால் விடுபடுவேன் என்றாராம். வந்தார். மேசையைச் சுற்றியிருந்தவர்கள் பார்த்தார்கள். கத்தி வைத்திருந்தவர் திகைத்து அப்படியே உட்கார்ந்துவிட்டார். குன்றின் உச்சியில் இப்போது ஒரு பைன் மரத்தில் துணிப் பட்டைகள் கட்டியிருக்கிறார்கள். குழந்தைகள் எழுதிய வேண்டுதல்களும் உண்டு.

மார்கரெட் ஒலிஃபண்டின் 'லைப்ரரி விண்டோ' (1896) கதையைப் பற்றி இங்கே யாரும் எழுதவில்லை என்பது வருத்தம். எதிர்க் கட்டடத்தில் இருப்பது ஜன்னலா, சுவரில் ஜன்னல்போல வரைந்ததா என்று முதிய பெண்கள் வாதாடிக்கொண்டிருக்க, ஓர் இளம்பெண்ணுக்கு மட்டும் உள்ளே ஒருவர் இடைவிடாமல் எழுதிக்கொண்டிருப்பது தெரிகிறது. ஸ்காட்லாந்து எழுத்தாளர் ஜார்ஜ் மெக்டோனால்டைப் புகழ்ந்து இங்கே எழுதிய நண்பர் மன்னிக்க. மெக்டோனால்டின் 'ஃபான்டஸ்டிஸ்' என்னைத் தூங்கவைத்தது.

எங்கே தொடங்குவது என்று கேட்டவருக்கு: 'ரெட்காண்ட்லெட்' முழுவதும் வேண்டாம். பதினோராவது கடிதத்தை மட்டும் பிரித்துப் படியுங்கள். ரசீதுக் கதை அதற்குள்ளேயே முழுதாக இருக்கிறது. தனியாகவும் தொகுப்புகளில் கிடைக்கும். ஜேனட்டை உரக்க வாசிக்க ஆள் கிடைக்கும்வரை தள்ளிப்போடுங்கள், அல்லது ஸ்காட்லாந்துக்காரர் வாசித்த ஒலிப்பதிவைத் தேடுங்கள். ஹாக்குக்கு மட்டும் பொறுமை வேண்டும். முதல் பாதி முடிந்து பாவியே பேசத் தொடங்கியதும் புத்தகத்தைக் கீழே வைக்கமாட்டீர்கள்.