'எல் இன்ச்சா' படத்துக்கு சப்டைட்டில் கிடைக்குமா?

வணக்கம் நண்பர்களே. என்ரிகே சாந்தோஸ் டிஸ்செபோலோவை 'கம்பலாச்சே' என்ற டாங்கோ (அர்ஜென்டினாவின் நடன இசை) பாட்டுக்காகத்தான் பலருக்கும் தெரியும். ஆனால் 1901இல் புவெனஸ் ஐரஸில் பிறந்த இந்த மனிதர் நாடக மேடையில் நடிக்கத் தொடங்கி, அப்புறம் சினிமாவுக்குத் திரைக்கதை எழுதி, இயக்கி, நடித்தும் இருக்கிறார். 1951இல் அவரும் சேர்ந்து எழுதி நாயகனாக நடித்த படம் 'எல் இன்ச்சா'; கால்பந்து ரசிகன் ஒருவனின் கதை. ரசிகன் இல்லாவிட்டால் கிளப் ஏது என்று அந்த ஒல்லி உடம்பு அதிரப் பேசுகிற இடத்தை மட்டும் பத்துத் தடவை பார்த்துவிட்டேன், மனசை விட்டுப் போகவே மாட்டேன் என்கிறது. அந்த டிசம்பரிலேயே இறந்துவிட்டார், பாவம். எனக்கு ஸ்பானிஷ் அரைகுறைதான். முழுப் படத்துக்கும் ஆங்கில சப்டைட்டில் யாரிடமாவது இருக்கிறதா? இல்லையென்றால், ஸ்பானிஷ் தெரிந்தவர்கள் அந்த ஒரு வசனத்தையாவது தமிழில் எழுதித் தர முடியுமா?