புதுப்பிப்பு: வுல்வரின் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

எக்ஸ்-மென் என்ற ஹாலிவுட் படத்தொடரின் நாயகன் வுல்வரின் வரும் படங்களைக் கதை நிகழும் காலப்படி பார்ப்பதா, வெளியான ஆண்டுப்படி பார்ப்பதா என்ற என் கேள்விக்குப் பதிலளித்த அனைவருக்கும் நன்றி.

முதலில் என் பிடிவாதப்படி, 1845இல் தொடங்கும் 2009ஆம் ஆண்டுப் படத்தை வேளச்சேரி வீட்டில் அக்கா மகனுக்குப் போட்டுக்காட்டினேன். நாயகனின் கடந்தகாலம் அதிலேயே தெரிந்துவிட்டதால், 2000ஆம் ஆண்டுப் படத்தில் அவன் இழந்த நினைவுகளைத் தேடுவது பையனுக்குச் சலிப்பையே தந்தது.

பிறகு, வெளியான வரிசையே சரி என்று இங்கே ஒருவர் கூறியபடி என் மனைவியுடன் 2000ஆம் ஆண்டுப் படத்திலிருந்து தொடங்கினேன்; அதுவே பலித்தது. 2014ஆம் ஆண்டுப் படம் 1973க்கும் 2023க்கும் இடையே தாவிப் பழைய நிகழ்வுகளையே மாற்றிவிடுவதால், காலவரிசை என்பதே அங்கே உடைந்துபோகிறது (நான் தயாரித்த அட்டவணையும்தான்).

எதிர்பாராதது ஒன்று: 2013ஆம் ஆண்டுப் படத்தின் இறுதிப் பெயர்ப்பட்டியலுக்கு இடையே வரும் காட்சிதான் அடுத்த படத்துக்கு வாசல், அவசரப்பட்டு அணைத்துவிடாதீர்கள்.