புதுப்பிப்பு: சித்தப்பா கடையின் வாடகை பாக்கி

கடலூர் மஞ்சக்குப்பத்தில் அரசு நிறுவனம் ஒன்றின் கட்டடத்தில் சித்தப்பா நடத்தும் ஜெராக்ஸ் கடைக்கு, எட்டு வருட வாடகை பாக்கி என்று நோட்டீஸ் வந்ததைப் போன மாதம் எழுதியிருந்தேன். பலரும் வக்கீலைப் பார்க்கச் சொன்னீர்கள். பார்த்தோம்.

"மொத்தத் தொகையோடு சண்டை போடாதீங்க, மாதவாரியா கணக்கு கேளுங்க" என்றார் அவர். எழுதிக் கேட்டதும் லெட்ஜர் நகல் கிடைத்தது. வங்கி முத்திரையோடு எங்களிடம் இருக்கும் மூன்று சலான்கள் அதில் வரவே வைக்கப்படவில்லை! வாடகையை உயர்த்திய தேதிக்கு முந்தைய மாதங்களுக்கும் புது வாடகையே போட்டிருக்கிறார்கள். சித்தப்பா அன்றுதான் நிம்மதியாகச் சாப்பிட்டார்.

அப்புறம் முக்கியமான விஷயம், காலவரம்பு. வாடகை பாக்கிக்கு வழக்குப் போட பொதுவாக 3 ஆண்டுதான். அரசு, அரசு நிறுவனக் கட்டடங்களைக் காலி செய்ய வைக்கவும் வாடகை பாக்கியை வசூலிக்கவும் இருக்கும் பொதுக் கட்டடச் சட்டத்தின் கீழும் காலாவதியான பாக்கியை வசூலிக்க முடியாது என்று புதுடெல்லி நகராட்சி – காலுராம் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1976-லேயே சொல்லிவிட்டது. ஆனால் மாநில அரசே நேரடியாக வழக்குத் தொடுத்தால் வரம்பு 30 ஆண்டு. ஆகவே கட்டடம் யார் பெயரில் இருக்கிறது என்று முதலில் பாருங்கள்.

எங்கள் ஆட்சேபணையை வாங்கிக்கொண்டு விசாரணையைத் தள்ளி வைத்திருக்கிறார்கள். இந்த மாத வாடகையை மட்டும் நிறுத்தவில்லை, நேற்றே கட்டியாயிற்று.