மேரி பியர்ட் காட்டிய ரோம்: கல்லறை, ரொட்டி, சாக்கடை (பார்த்தவர்களும் செய்தவர்களும் பகிரவும்)

பழங்கல்

மேரி பியர்ட் கேம்பிரிட்ஜில் லத்தீனும் ரோம வரலாறும் நடத்தி 2022-ல் ஓய்வு பெற்றவர். 2010-ல் எரிமலைச் சாம்பலில் புதைந்த பாம்பேய் நகர் பற்றியும் 2012-ல் ரோம நகரச் சாமானியர் பற்றியும் பிபிசியில் அவர் செய்த நிகழ்ச்சிகளை இங்கே பலர் பார்த்திருப்பீர்கள். பேரரசர்களை ஓரமாக உட்காரச் சொல்லிவிட்டு ரொட்டிக்காரர், சாராயக் கடைக்காரர், விடுதலையான அடிமை என்று ஆரம்பிப்பது அவர் வழக்கம். ஒரு பொருளைக் காட்டுவார். அதிலிருந்து எதுவரை சொல்லலாம், எங்கே நிறுத்திக்கொள்ள வேண்டும் என்பதையும் சேர்த்தே சொல்வார். இந்த இரண்டாவது பாதியைத்தான் அவரைப் பார்த்துச் செய்கிறவர்கள் விட்டுவிடுகிறார்கள்.

இந்தத் திரியில் பயணக் கதை வேண்டாம். எதைப் பார்க்கலாம், எப்படிப் பார்க்கலாம், எங்கே சறுக்கும் என்று மட்டும் எழுதுங்கள்.

கல்வெட்டுக்காரன்

கல்லறைக் கல்லில் ஆரம்பிக்கிறேன். பியர்ட் கேமரா முன்னால் எழுத்தின்மேல் விரலை ஓட்டிக்கொண்டே படித்துக் காட்டுவது சுலபமாகத் தெரியும். ஓரளவு சுலபமும்தான். ரோமக் கல்லறை வாசகங்கள் பெரும்பாலும் வாய்ப்பாடு மாதிரி. லத்தீன் இலக்கணம் முழுக்கத் தெரியாமலேயே முக்கால்வாசி பிடிபடும்.

உச்சியில் 'டி', 'எம்' என்று இரண்டு எழுத்து இருந்தால் 'இறந்தோரின் ஆவிகளுக்கு' என்று அர்த்தம். அதை விட்டுவிட்டு நேராகப் பெயருக்குப் போங்கள். ஆணின் பெயருக்கு நடுவே 'எஃப்' வந்தால் இன்னாரின் மகன், அதாவது சுதந்திரமாகப் பிறந்தவர். அதே இடத்தில் 'எல்' வந்தால் இன்னாரால் விடுதலை செய்யப்பட்ட அடிமை. அந்த 'எல்'லுக்கு முன்னால் 'சி' கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாறி நின்றால் விடுதலை செய்தவர் ஒரு பெண். அடுத்து 'வி', 'ஏ', பக்கத்தில் ஒரு எண்: இத்தனை ஆண்டு வாழ்ந்தார். கடைசியில் 'ஹெச் எஸ் இ' என்றால் இங்கே கிடத்தப்பட்டிருக்கிறார். 'எஸ் டி டி எல்' என்றால் மண் உனக்கு இலேசாக இருக்கட்டும். சில கற்களில் மனையின் முகப்பு இத்தனை அடி, ஆழம் இத்தனை அடி என்று அளவும் இருக்கும்.

பார்வையாளர்களுக்குச் சொல்லும்போது பெயர், உறவு, வயது என்ற வரிசையில் போங்கள். லத்தீனை முழுசாக ஒப்பித்தால் கூட்டம் அடுத்த கல்லுக்குப் போய்விடும்.

தப்பு நடப்பது வயதில். ஐந்தின் மடங்குகளில் வயதுகள் குவிந்து கிடக்கும்: 25, 30, 35. பலருக்குப் பிறந்த ஆண்டே சரியாகத் தெரியாது. அதனால் இந்தக் கற்களைக் கூட்டி வகுத்து 'ரோமர்களின் சராசரி ஆயுள்' என்று சொல்லவே கூடாது. கல் வைத்தவர்கள் ஊரில் ஒரு பகுதிதான். அதிலும் விடுதலையான அடிமைகள் தங்கள் புதிய நிலையைக் கல்லில் காட்டிக்கொள்ள அதிக ஆர்வப்பட்டவர்கள். கைக்குழந்தைகளோ மிகக் குறைவு.

வெளிச்சம் பற்றி ஒரு குறிப்பு. தேய்ந்த கல்லில் நேராக ஃப்ளாஷ் அடித்தால் எழுத்து மறைந்துவிடும். சிறிய டார்ச்சைக் கல்லின் பக்கவாட்டில், பரப்போடு கிட்டத்தட்ட ஒட்டினாற்போல் சாய்த்துப் பிடியுங்கள். வெட்டின் நிழல் விழுந்து எழுத்து எழும். அருங்காட்சியகத்தில் முதலில் அனுமதி கேளுங்கள். சாக்பீஸ் தேய்ப்பது எங்கேயும் கூடாது.

வடக்குக்கோட்டை

கல்வெட்டுக்காரன் சொன்னதை ஒரே கல்லில் பார்க்க வேண்டுமென்றால் இங்கிலாந்தின் சவுத் ஷீல்ட்ஸில், அர்பெயா கோட்டை அருங்காட்சியகத்தில் இருக்கும் ரெஜினாவின் கல். 1878-ல் கிடைத்தது. ரெஜினா தென் பிரிட்டனின் கட்டுவெல்லவுனி இனத்தைச் சேர்ந்தவள். அடிமையாக இருந்து விடுதலையாகி, விடுதலை செய்தவனுக்கே மனைவியானவள். 30 வயதில் இறந்தாள் (அதே ஐந்தின் மடங்கு). கணவன் பராதெஸ், சிரியாவின் பல்மைராக்காரன்.

சிற்பத்தில் அவள் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள். ஒரு பக்கம் கம்பளி உருண்டைகள் நிறைந்த கூடை, மறுபக்கம் நகைப்பெட்டி. முகம் உடைந்துபோயிருக்கிறது. கீழே பார்வையை இறக்குங்கள். லத்தீன் வரிகளில் வேற்றுமை உருபு தப்பு. அதற்குக் கீழே ஒரே ஒரு வரி பல்மைரா எழுத்தில், தடுமாற்றமே இல்லாமல், அழகாக: 'ரெஜினா, பராதெஸால் விடுதலையானவள், ஐயோ.' அந்த 'ஐயோ' மேலே லத்தீனில் இல்லை.

ரோம பிரிட்டனில் யார் யார் இருந்தார்கள் என்று 2017-ல் இணையத்தில் பெரிய சண்டை நடந்தது. கலப்புக் குடும்பம் இருந்ததற்குச் சான்று உண்டு என்று சொன்னதற்காக பியர்டைக் கடுமையாக வசைபாடினார்கள். அந்தச் சண்டைக்கு வருகிறவர்களிடம் முதலில் நீட்ட வேண்டிய கல் இது. ஆனால் இதை வைத்துக்கொண்டு 'எத்தனை சதவீதம்' என்று போகாதீர்கள். ஒரு கல் ஒரு குடும்பத்துக்கான சான்றுதான்.

அடுப்படி

ரொட்டி. பாம்பேயில் மொடெஸ்டஸின் அடுமனை என்று அழைக்கப்படும் கடையின் அடுப்பிலிருந்து 1862-ல் கரியாகிப்போன 81 ரொட்டிகளை எடுத்தார்கள். வட்ட வடிவம், மேலே எட்டுப் பிரிவு, பக்கவாட்டில் இடுப்பைச் சுற்றி ஒரு பள்ளம்.

வீட்டில் செய்ய: முழுக்கோதுமை மாவு 500 கிராம், புளித்த கோதுமை மாவு (ஈஸ்டுக்குப் பதில் உறை மாதிரி சேர்ப்பது) 150 கிராம், தண்ணீர் 330 மில்லி, உப்பு 10 கிராம். நம்மூர்ச் சக்கி ஆட்டா என்றால் தண்ணீர் இன்னும் 20 மில்லி கூட்டுங்கள். கல்லில் சூடாக அரைபட்ட மாவு அதிகமாகக் குடிக்கும். 8 நிமிடம் பிசைந்து, அளவு ஒன்றரை மடங்காகும்வரை மூடி வையுங்கள். சென்னை வெயிலில் 2 மணி நேரத்துக்குள் ஆகிவிடும். மறந்தால் புளிப்பு ஏறி மாவு தளர்ந்துவிடும். பிறகு 20 செ.மீ. அகல வட்டமாகத் தட்டி, பருத்தி நூலை இடுப்பைச் சுற்றித் தளர்வாகக் கட்டுங்கள். நைலான் நூல் உருகும்.

எட்டுப் பிரிவில்தான் எல்லாரும் தோற்கிறார்கள். கத்தியால் கீறினால் அடுப்பில் வாய் பிளந்து கோணல்மாணலாக வரும். லேசாக அழுத்தினால் உப்பும்போது கோடே மறைந்துவிடும். மெல்லிய மரக்குச்சியைப் படுக்கவைத்து, அடித்தட்டில் இடிக்கும்வரை நான்கு முறை குறுக்காக அழுத்துங்கள். 20 நிமிடம் விட்டு, அதே கோடுகளில் இன்னொரு முறை. நடுவில் விரலால் ஒரு குழி. 200 டிகிரியில் 40 முதல் 45 நிமிடம். அடியில் தட்டினால் வெற்றுச் சத்தம் வர வேண்டும்.

சிறுதானியம்

அடுப்படி, சம்பா கோதுமை போட்டால் இன்னும் பழமையாக இருக்காதா? உமி ஒட்டிய எம்மர் வகைதானே அது?

அடுப்படி

எம்மர் வகைதான். ஆனால் பாம்பேய் காலத்துக்குப் பொருந்தாது, தோழர். எம்மரைக் குத்திக் கஞ்சியாகக் காய்ச்சியது அதற்கு முந்தைய பழக்கம். கி.பி. முதல் நூற்றாண்டில் கடை ரொட்டிக்குப் பெரும்பாலும் உமி எளிதில் உதிரும் கோதுமைதான். சம்பா மாவில் பசைத்தன்மையும் குறைவு, முழுக்க அதில் செய்தால் தோசை மாதிரி பரவிவிடும். ஆசைக்கு 100 கிராம் கலக்கலாம், அதற்கு மேல் வேண்டாம்.

பாம்பேய் ஆலைகள் கரடுமுரடான எரிமலைக் கல். அதன் பொடியும் மாவில் கலந்து பல்லைத் தேய்த்தது. இந்த ஒரு விஷயத்தில் அசலை நகல் எடுக்க வேண்டாம்.

பழங்கல்

ரொட்டி வந்ததால் யூரிசாசெஸின் கல்லறையையும் சேர்த்துவிடுகிறேன். பியர்டின் தொடரில் வந்தது. ரோமில் போர்ட்டா மஜ்ஜோரே வாசலை ஒட்டி, ட்ராம் தண்டவாளங்களுக்கு நடுவே நிற்கிறது. வேலிக்கு வெளியிலிருந்தே பார்க்கலாம், சீட்டு வேண்டாம். கி.மு. முதல் நூற்றாண்டின் பிற்பகுதியில் கட்டியது. பின்னாளில் நகர மதிலின் கோபுரம் அதை விழுங்கிவிட, 1838-ல் கோபுரத்தை இடித்தபோதுதான் மறுபடி வெளியே வந்தது.

மேலே தெரியும் பெரிய வட்ட ஓட்டைகளை எல்லாரும் படம் எடுப்பார்கள். மாவு பிசையும் தொட்டிகளைப் படுக்கவைத்த வடிவம் என்பது பரவலான கருத்து. தானியம் அளக்கும் மரக்கால் என்றும் வாதம் உண்டு. உண்மையான விருந்து அதற்கும் மேலே, கூரை விளிம்புக்குக் கீழே ஓடும் சிற்பப் பட்டை. தானியம் கணக்கெடுப்பு, கழுதை சுற்றும் திரிகை, சல்லடை, மிருகத்தை வைத்துப் பிசையும் தொட்டி, மேசையில் உருட்டுதல், அடுப்பு, கடைசியில் பெரிய தராசு. ஒரு ரொட்டித் தொழிற்சாலையின் முழு ஓட்டம். வெறும் கண்ணுக்கு எட்டாது, பைனாகுலர் எடுத்துப் போங்கள்.

எல்லா வழிகாட்டிகளும் 'இவர் விடுதலையான அடிமை' என்று அடித்துச் சொல்வார்கள். கல்வெட்டுக்காரன் சொன்ன அந்த 'எல்' இந்தக் கல்லில் இல்லை. கிரேக்கப் பெயர், தொழில், தந்தை பெயர் சொல்லாமை ஆகியவற்றை வைத்து ஊகிப்பது. நல்ல ஊகம்தான், ஆனால் ஊகம் என்றே சொல்லுங்கள்.

மண்சல்லடை

சாக்கடைக்கு ஆள் இல்லையா? எர்கொலானோவில் (பாம்பேயோடு புதைந்த பழைய ஹெர்குலேனியம்) ஐந்தாவது கார்டோ என்ற தெருவோரக் கட்டடத்துக்குக் கீழே 86 மீட்டர் நீள மலக்குழிச் சுரங்கம் இருக்கிறது. மேலே கடைகளும் மாடிக் குடியிருப்புகளும். கழிப்பறை, சமையலறைக் கழிவு எல்லாம் குழாய் வழியாக நேராக இதற்குள் விழும். வெளியேறும் வழி இல்லாததால் அப்படியே தங்கிவிட்டது. ஆண்ட்ரூ வாலஸ்-ஹாட்ரில் தலைமையிலான பாதுகாப்புத் திட்டத்தில் இதைத் தோண்டி, மூட்டை மூட்டையாகக் கழிவை வெளியே எடுத்தார்கள்.

நீரில் கரைத்து நுண்ணிய சல்லடைகளில் அலசினால் அத்தி விதை, ஆலிவ் கொட்டை, முட்டை ஓடு, கோழி எலும்பு, விதவிதமான மீன் எலும்பு, கடல் முள்ளெலியின் முட்கள் எல்லாம் வரும். இது மாளிகைச் சாப்பாடு இல்லை, கடைக்கு மேல் வாடகைக்கு இருந்தவர்கள் சாப்பிட்டது. ஏழை ரோமர் வெறும் கஞ்சிதான் குடித்தார் என்ற பழைய பேச்சு இங்கே அடிபட்டுப் போகிறது.

எச்சரிக்கை: கீரை, எலும்பில்லாத இறைச்சி, பருப்புக் கூழ் இவையெல்லாம் தடயமே இல்லாமல் கரைந்துவிடும். அதனால் சல்லடையில் கிடைத்ததை எண்ணி 'மீன்தான் முக்கிய உணவு' என்று எழுதக் கூடாது.

கழிப்பறைக்குப் போனால் வழிகாட்டிகள் குச்சியில் கட்டிய கடற்பஞ்சுக் கதையைச் சொல்லிச் சிரிக்க வைப்பார்கள். ரோம எழுத்தாளர் செனெகா ஒரு கடிதத்தில் அந்தக் குச்சியைத் தொண்டைக்குள் திணித்துத் தற்கொலை செய்துகொண்ட அடிமைப் போராளியைப் பற்றி எழுதியிருக்கிறார், பொருள் இருந்தது உண்மை. உடம்பைத் துடைக்கவா, கழிப்பறையைத் தேய்க்கவா என்பதில் ஆய்வாளர்கள் ஒத்துப்போகவில்லை.

குளியல் கூடத்தையும் ரொம்பப் புகழாதீர்கள். ஆறாத புண்ணோடு குளிக்கப் போனால் அழுகும் என்று மருத்துவம் எழுதிய செல்சஸே எச்சரிக்கிறார். எண்ணெயும் அழுக்கும் மிதக்கும் பொதுத் தண்ணீர்.

கடைத்தெரு

பாம்பேய் கடைகளின் கல் மேடையில் பதித்த பானைகளைப் பார்த்து 'சூப்பும் சாராயமும் ஊற்றி வைத்தார்கள்' என்று சொல்வது வழக்கம். அந்தப் பானைகளுக்கு உள்பூச்சு கிடையாது, கழற்றிக் கழுவவும் முடியாது. திரவம் ஊற்றினால் ஒரே வாரத்தில் நாறிவிடும் என்பது எதிர்வாதம். கொட்டை, தானியம் போன்ற உலர்ந்த சரக்குதான் என்பார்கள். ஆனால் 2020-ல் ஐந்தாம் பகுதியில் முழுசாக வெளிவந்த கடையில் வாத்து, ஆடு, பன்றி, மீன், நத்தை எச்சங்கள் கிடைத்தன. ஒரு பானையில் பொடித்த மொச்சை வகைப் பயறு கலந்த மது இருந்த தடயமும். ஆக, ஒரே விதியை எல்லாக் கடைக்கும் போடாதீர்கள்.

நேப்பிள்ஸ் அருங்காட்சியகத்துக்குப் போனால் சால்வியஸ் கடைச் சுவரிலிருந்து எடுத்து வைத்த ஓவியத்தைத் தவறவிடாதீர்கள். நான்கு கட்டம், பேசுகிறவர்கள் தலைக்கு மேலே வசனம். ஒருவன் தாயம் போட்டு 'முடிச்சுட்டேன்' என்கிறான். எதிராளி: 'அது மூணு இல்ல, ரெண்டு.' அடுத்த கட்டத்தில் கைகலப்பு. கடைக்காரர் தள்ளிக்கொண்டே சொல்கிறார்: 'வெளிய போய் அடிச்சுக்குங்க.' பள்ளிப் பிள்ளைகளுக்கு ரோமைத் தொடங்க இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியவில்லை. (முதல் கட்டத்தில் முத்தம், கடைசிக் கட்டத்தில் சில வசவுகள். ஆசிரியர்கள் முன்கூட்டியே படித்துக்கொள்ளவும்.)

சிறுதானியம்

நம் மிளகு எங்கே வரும்?

மண்சல்லடை

எகிப்தின் செங்கடல் துறையான பெரெனிகேவில், கோயில் முற்றத்தில் புதைத்திருந்த இந்தியச் சாடியில் சுமார் 7.5 கிலோ மிளகு அப்படியே கிடைத்தது. அதே ஊரில் தமிழ் பிராமி எழுத்துப் பொறித்த பானை ஓடும் உண்டு. முசிறிக்குப் போன கப்பலின் கடன் ஒப்பந்தமும் சரக்கு மதிப்பும் எழுதிய பாப்பிரஸ் வியன்னாவில் இருக்கிறது. ரோமில் பேரரசர் டொமிஷியன் கட்டிய மிளகுக் கிடங்கின்மேல் பிற்பாடு பேரரசர் மேக்சென்டியஸின் மண்டபம் எழுந்தது.

வடக்குக்கோட்டை

இன்னும் வடக்கே வாங்க. பிரிட்டனின் விண்டோலாண்டா கோட்டையில், கி.பி. 100 வாக்கில் மரப்பலகையில் எழுதிய கணக்கு ஒன்று இருக்கிறது. படைவீரர்கள் வாங்கிய சில்லறைச் சாமான் பட்டியல். அதில் டாப்போ மகன் கம்பாக்ஸ் பேரில் மிளகு, 2 தினாரி (ரோம வெள்ளிக்காசு).