பஞ்சபாண்டவர் = ஐந்து சக்கரங்கள்: மகாபாரதத்திலேயே பிடி இருக்கிறதா?

வேர்தேடி:
முதுகெலும்பு நெடுகக் கீழிருந்து மேலாக யோகம் சொல்லும் ஆற்றல் மையங்கள்தான் சக்கரங்கள். கிரியா யோக மரபில் சகாதேவன் மூலாதாரம், நகுலன் சுவாதிட்டானம், அர்ஜுனன் மணிபூரகம், பீமன் அநாகதம், தருமர் விசுத்தி, திரௌபதி குண்டலினி (அடியில் உறங்கும் ஆற்றல்) என்கிறார்கள். மூலத்தில் ஆதாரம் உண்டா, பிற்காலத்தில் ஒட்டியதா? வாட்ஸ்அப்பில் சுற்றும் படமோ ஆளுக்கொரு சுரப்பியையும் கொடுத்திருக்கிறது.

ஏட்டுச்சுவடி:
பிடி என்றால் 17ஆவது பருவம், மகாபிரஸ்தானிகம். இமயம் தாண்டி மேருவைக் கண்டபின் விழும் வரிசை: திரௌபதி, சகாதேவன், நகுலன், அர்ஜுனன், பீமன். தருமர் மட்டும் நடக்கிறார். தம்பிகள் விழுவது கீழிருந்து மேலாக, சக்கர வரிசையிலேயே. முதுகெலும்பை யோக நூல்கள் மேருதண்டம் என்பதால் இன்னும் கச்சிதமாகத் தெரியும்.

ஆனால் குண்டலினி உச்சிவரை ஏற வேண்டியவள். திரௌபதியோ முதலில் விழுகிறாள். படம் போடுகிறவர்கள் இதைத் தொடுவதே இல்லை. பாரதம் சொல்லும் காரணங்களும் வேறு: அவளுக்கு அர்ஜுனன்மேல் தனிப்பாசம், சகாதேவனுக்கு அறிவுச்செருக்கு, நகுலனுக்கு அழகுச்செருக்கு, அர்ஜுனனுக்கு ஒரே நாளில் பகைவரை எரிப்பேன் என்ற வீம்பு, பீமனுக்குப் பெருந்தீனியும் பலப்பெருமையும்.

நாடிக்கணக்கு:
தந்தைமாரை வைத்துப் பாருங்கள். ஐம்பூதங்களில் அநாகதத்துக்கு உரியது காற்று, பீமன் வாயுமைந்தன்: சரி. மணிபூரகம் நெருப்பு, அர்ஜுனனோ இந்திரன் மகன். காண்டவ வனத்தையும் காண்டீவத்தையும் காட்டி அக்னியை இழுத்து வரலாம், இழுப்புத்தான். அசுவினி தேவர்களின் இரட்டையருக்கு நீரும் மண்ணும் எப்படி வரும்?

ஆறு சக்கர அமைப்பே பாரதத்துக்குப் பல நூற்றாண்டு பிந்திய தாந்திரிக நூல்களுடையது. இன்று பரவலாக எடுத்தாளப்படும் ஷட்சக்ரநிரூபணம் 1577ஆம் ஆண்டு நூல். அதில் ஒவ்வொரு சக்கரமும் ஒரு தாமரை; ஐந்துக்கும் இதழ்கள் 4, 6, 10, 12, 16, ஆறாவதான புருவமத்தி ஆக்ஞைக்கு 2. மொத்தம் 50, சமஸ்கிருத எழுத்துக்களின் கணக்கு. சுரப்பி அதில் எங்கும் இல்லை. அது இருபதாம் நூற்றாண்டுச் சேர்க்கை, தள்ளிவிடுங்கள்.

வேர்தேடி:
அப்படியானால் நூலே வாய்திறந்து உடலைச் சொல்லும் இடம்?

ஏட்டுச்சுவடி:
கீதை 13ஆம் அத்தியாயம்: இந்த உடலே க்ஷேத்திரம் (வயல்). கடோபநிடதம் 1.3.3இல் உடல் தேர், புத்தி சாரதி, மனம் கடிவாளம்.

இதிகாசத்தை விட்டுப் புராணத்துக்கு வந்தால் பாகவதம் 4ஆம் ஸ்கந்தத்துப் புரஞ்சனன் கதைதான் அசல் வரைபடம். அரசன் புரஞ்சனன் உயிர், அவன் புகும் நகர் உடல். நகருக்கு ஒன்பது வாசல்: கிழக்கே ஐந்து (கண் 2, மூக்கு 2, வாய்), தெற்கே வலக்காது, வடக்கே இடக்காது, மேற்கே கீழ்வாசல் இரண்டு. கிழக்குநோக்கி நின்றால் வலக்கை தெற்கில்தானே! நகரைக் காக்கும் ஐந்துதலைப் பாம்பு பிராணன், அரசி புத்தி. விடையை நாரதரே அவிழ்க்கிறார்.